ஈ.சி.ஜி தாளில் கியூ.டி.சி: மெஷின் அடித்த எண்ணை நம்பாமல் நாமே அளப்பது எப்படி

ஈ.சி.ஜி மெஷின் தாளின் மேல் மூலையில் கியூ.டி.சி என்று ஓர் எண்ணை அடித்துத் தருகிறது. 450 மில்லிசெக்கனுக்குக் கீழே என்றால் தாளை மடித்துக் கிளினிக் கொப்பிக்குள் வைத்துவிடுகிறோம், மேலே என்றால் பதறிப் போய்ப் போனை எடுக்கிறோம். இரண்டுமே சரியில்லை. மல்லாவியிலோ மாங்குளத்திலோ புதுக்குடியிருப்பிலோ இரவு வேலையில் நிற்கிற ஒரு டொக்டரோ மிஸியோ, பக்கத்தில் கேட்பதற்கு இருதய வைத்திய நிபுணர் இல்லாத நேரத்தில், ஓர் அடிமட்டமும் போனில் இருக்கிற கல்குலேட்டரும் போதும், இரண்டு மூன்று நிமிடத்தில் தானே அளந்துவிடலாம். அதைத்தான் இங்கே எழுதுகிறேன். இதில் பெரும் பகுதி டி அலை எங்கே முடிகிறது என்பதைப் பற்றியே இருக்கும், ஏனென்றால் பிழையில் பெரும் பகுதி அங்கேதான் வருகிறது. எந்தச் சூத்திரம் திறம் என்று வாதாடுகிறவர்களில் பலர் டி அலையின் முடிவை ஒழுங்காகப் பார்த்திருக்க மாட்டார்கள்.

கியூ.டி என்பது கியூ.ஆர்.எஸ் (கீழறைகள் தூண்டப்படும்போது வருகிற கூரான அலை) தொடங்குகிற இடத்திலிருந்து டி அலை (அவை பழைய நிலைக்குத் திரும்பும்போது வருகிற மேடு) முடிகிற இடம் வரைக்குமான நேரம். இதயத்தின் கீழறைத் தசைகள் மின்னால் தூண்டப்படுவதில் தொடங்கி, அவை பழைய நிலைக்குத் திரும்பி அடுத்த துடிப்புக்குத் தயாராகும் வரை என்று வைத்துக்கொள்ளுங்கள். அப்படித் திரும்புவது முக்கியமாகக் கலங்களிலிருந்து பொட்டாசியம் வெளியேறுவதால் நடக்கிறது. அந்த வழியை ஒரு மருந்து அடைத்தாலோ, பிறப்பிலேயே அந்த வழி பழுதாக இருந்தாலோ, உடம்பில் பொட்டாசியமும் மக்னீசியமும் குறைந்து போனாலோ கியூ.டி நீளுகிறது. நீண்டு கிடக்கிற அந்த நேரத்துக்குள் ஒரு முந்திய துடிப்பு வந்து விழுந்தால் டோர்சாட் டி பாயின்ட்ஸ் என்கிற ஆபத்தான தாளக்கேடு தொடங்கலாம். 1966இல் டெஸர்டென் என்ற பிரெஞ்சு வைத்தியர் அதை விவரித்துப் பெயர் வைத்தார். நாம் மில்லிசெக்கன் எண்ணுவது இந்த ஒன்றுக்குப் பயந்துதான்.

துடிப்பு வேகமாக இருந்தால் கியூ.டி தானாகவே சுருங்கும், மெதுவாக இருந்தால் நீளும். ஆகவே 110இல் அடிக்கிற இதயத்தின் கியூ.டியையும் 55இல் அடிக்கிற இதயத்தின் கியூ.டியையும் அப்படியே ஒப்பிட முடியாது. துடிப்பு நிமிடத்துக்கு 60 ஆக இருந்திருந்தால் எவ்வளவு இருந்திருக்கும் என்று கணக்குப் போட்டு எடுப்பதுதான் கியூ.டி.சி.

தாளைக் கையில் எடுத்ததும்

முதலில் வேகத்தைப் பாருங்கள். செக்கனுக்கு 25 மி.மீ என்று தாளின் ஓரத்தில் இருக்க வேண்டும். அந்த வேகத்தில் ஒரு சிறிய கட்டம் 40 மில்லிசெக்கன், ஒரு பெரிய கட்டம் 200. யாராவது பொத்தானை மாற்றி 50இல் எடுத்திருந்தால் எல்லாம் பாதியாகும், சிறிய கட்டம் 20 மில்லிசெக்கன்தான். அலைகள் அகன்று, துடிப்பு ஆறுதலாகப் போவது போலத் தெரியும், பார்க்கிறவர் ஏமாறுவார். உயரத்துக்கு ஒரு மில்லிவோல்ட்டுக்கு 10 மி.மீ என்ற குறி இருக்கிறதா என்றும் பாருங்கள்.

பிறகு கோடு துப்பரவாக இருக்கிறதா என்று பாருங்கள். ஆள் நடுங்கிக்கொண்டிருந்தால், பக்கத்தில் ஃபேனோ சார்ஜரோ மின்சாரக் குறுக்கீடு தந்தால், வேர்வையில் ஒட்டி கழன்று கொண்டிருந்தால் அந்தத் தாளில் அளந்து பயனில்லை. பங்குனி, சித்திரை வெக்கையில் எங்கள் வார்டுகளில் நெஞ்சைத் துடைத்துக் காயவிட்டு ஒட்டாமல் எடுத்த ஈ.சி.ஜி எப்படி இருக்கும் என்று உங்களுக்குச் சொல்லத் தேவையில்லை. திரும்ப எடுங்கள். பழுதான தாளில் அரை மணி நேரம் மினக்கெடுவதைவிட அது சுகம்.

எந்த லீட், அதாவது இதயத்தை எந்தக் கோணத்திலிருந்து பார்த்துப் பதிந்த கோடு? வழக்கமாக லீட் இரண்டு, இல்லாவிட்டால் வீ5. அவற்றில் டி அலை தட்டையாகக் கிடந்தால் டி அலையின் முடிவு தெளிவாகத் தெரிகிற வேறொரு லீட்டை எடுக்கலாம், ஆனால் எந்த லீட்டில் அளந்தீர்கள் என்று எழுதி வைக்க வேண்டும், அடுத்த தடவையும் அதே லீட்டில்தான் அளக்க வேண்டும். நேற்று லீட் இரண்டிலும் இன்று வீ3யிலும் அளந்துவிட்டு 'கூடிவிட்டது' என்று சொல்வதில் அர்த்தமில்லை. வீ2, வீ3 இரண்டையும் முடிந்தவரை விடுங்கள், அங்கே யூ அலை (டி அலைக்குப் பின்னால் வருகிற சின்ன மேடு) பெரிதாக வந்து டி அலையோடு ஒட்டிக்கொள்ளும்.

டி அலை எங்கே முடிகிறது

தொடக்கம் சுலபம். கியூ இருந்தால் கியூவின் முதல் சரிவு, இல்லாவிட்டால் ஆர் ஏறத் தொடங்குகிற இடம். முடிவில்தான் எல்லோரும் தடுமாறுவது. டி அலை இறங்கி வந்து அடிக்கோட்டைத் தொடுகிற இடம் கூராக இருப்பதில்லை, வளைந்து வளைந்து மெல்லக் கலக்கிறது. ஒருவர் இங்கே என்பார், இன்னொருவர் ஒரு கட்டம் தள்ளி என்பார். அந்த ஒரு கட்டம் 40 மில்லிசெக்கன். 430ஐ 470 ஆக்குவதற்கு அது போதும்.

அதனால் தொடுகோட்டு முறையைப் பழகுங்கள். டி அலை உச்சியிலிருந்து இறங்குகிற பக்கத்தில் எந்த இடம் அதிகச் செங்குத்தாக இருக்கிறதோ அந்த இடத்தில் அடிமட்டத்தை அலையோடு ஒட்ட வையுங்கள். அதே சாய்வில் பென்சிலால் கீழே கோடு போடுங்கள். டி முடிந்து அடுத்த பீ அலை (மேலறைகள் தூண்டப்படும்போது வருகிற சின்ன அலை) தொடங்கும் வரை உள்ள நேரான பகுதிதான் அடிக்கோடு, அதையும் அடிமட்டத்தால் நீட்டுங்கள். இரண்டு கோடுகளும் வெட்டுகிற புள்ளிதான் டி அலையின் முடிவு. அதற்குப் பிறகு இழுபட்டுக் கிடக்கிற வாலை விட்டுவிடுங்கள். டி அலை தலைகீழாக இருந்தால் திரும்ப ஏறுகிற பக்கத்தில் இதையே செய்ய வேண்டும். கண்ணால் 'அடிக்கோட்டைத் தொட்டுவிட்டது' என்று பார்த்து எடுக்கிற அளவைவிட இந்த முறையில் கொஞ்சம் குறைவாக வரும், அதனால் ஒருவருக்கு ஒரு முறை என்றால் அதே முறையைக் கடைசி வரை பிடியுங்கள். ஒரு வார்டில் எல்லோரும் ஒரே முறையில் அளக்கத் தொடங்கினாலே பாதிக் குழப்பம் போய்விடும்.

பிள்ளைகளின் கொம்பாஸ் பெட்டியில் கிடக்கிற, இரண்டு முனையும் கூரான டிவைடர் ஒன்று மேசை லாச்சிக்குள் இருந்தால் இன்னும் நல்லது. தொடக்கத்தில் ஒரு முனை, வெட்டுப்புள்ளியில் மறுமுனை, அப்படியே தூக்கிக் கட்டங்கள் தெளிவாகத் தெரிகிற வெற்று இடத்தில் வைத்து எண்ணுங்கள். அரைக் கட்டத்தையும் விடாதீர்கள். ஒரு துடிப்போடு நிறுத்தாமல் மூன்றிலிருந்து ஐந்து துடிப்பு வரை அளந்து சராசரி எடுங்கள்.

யூ அலைக்கு வருவோம். டி அலை முடிந்து, கோடு அடிக்குத் திரும்பி வந்த பிறகு தனியாக ஒரு சின்ன மேடு தெரிந்தால் அது யூ அலை, அதைச் சேர்க்கக் கூடாது. அது பெரிதாகி டி அலையோடு சேர்ந்து ஒரே மேடாகக் கிடந்தால் கதை வேறு. பொட்டாசியம் நன்றாக இறங்கியவர்களில் இதைக் காணலாம்: டி தட்டையாகப் போய், யூ எழும்பி, பார்க்கிற கண்ணுக்கு கியூ.டி மிக நீண்டது போலத் தெரியும். அப்போது ஏ.வீ.எல், ஏ.வீ.ஆர் லீட்டுகளைப் பாருங்கள், அவற்றில் யூ அலை பெரும்பாலும் தெரியாது, டி எங்கே முடிகிறது என்பது பிடிபடும். அங்கேயும் பிரிக்க முடியாவிட்டால் இரண்டையும் சேர்த்து அளந்து, 'யூ அலையுடன் சேர்த்து' என்று எழுதிவிட்டுப் பொட்டாசியம் பாருங்கள். அந்த நோயாளிக்கு மில்லிசெக்கன் சரியாக எவ்வளவு என்பதைவிடப் பொட்டாசியம் எவ்வளவு என்பது அவசரம்.

டி அலைக்கு இரண்டு கூம்பு இருந்து, இரண்டாவது கூம்பும் கிட்டத்தட்ட முதலாவதளவு பெரிதாக இருந்தால் அதை யூ என்று கழித்துவிட வேண்டாம், அது டி அலையின் பகுதியாகவே இருக்கலாம். பிறவியிலேயே கியூ.டி நீண்டவர்களில் ஒரு வகையினருக்கு இப்படி வரும்.

கணக்கு

ஆர் அலையிலிருந்து அடுத்த ஆர் அலை வரை சிறிய கட்டங்களை எண்ணி 0.04ஆல் பெருக்கினால் ஆர்-ஆர் இடைவெளி செக்கனில் கிடைக்கும். 1500ஐ அந்தக் கட்ட எண்ணால் வகுத்தால் நிமிடத் துடிப்பு. எந்தத் துடிப்பின் கியூ.டியை அளந்தீர்களோ அதற்கு முன்னால் உள்ள ஆர்-ஆரை எடுக்க வேண்டும், பின்னால் உள்ளதை அல்ல. மூச்சோடு துடிப்பு கூடிக் குறைகிற இளம் பிள்ளைகளில் இது முக்கியம்.

சூத்திரங்கள் பல. 1920இல் பாஸெட் சொன்னது: கியூ.டியை ஆர்-ஆரின் வர்க்கமூலத்தால் வகுக்க வேண்டும். அதே 1920இல் ஃப்ரிடெரிசியா சொன்னது: கனமூலத்தால் வகுக்க வேண்டும். 1992இல் ஃபிரமிங்ஹாம் ஆய்விலிருந்து வந்தது: ஒன்றிலிருந்து ஆர்-ஆரைக் கழித்து, 154ஆல் பெருக்கி, மில்லிசெக்கனில் உள்ள கியூ.டியோடு கூட்ட வேண்டும். ஹாட்ஜஸ் சூத்திரம்: துடிப்பிலிருந்து 60ஐக் கழித்து, 1.75ஆல் பெருக்கி, கியூ.டியோடு கூட்ட வேண்டும். மெஷின் பெரும்பாலும் பாஸெட்டில்தான் அடித்துத் தருகிறது, பழக்கத்தைத் தவிர வேறு நல்ல காரணம் அதற்கு இருப்பதாக எனக்குத் தெரியவில்லை.

துடிப்பு 75, கியூ.டி பத்துச் சிறிய கட்டம், அதாவது 400 என்று வைப்போம். ஆர்-ஆர் 0.8. பாஸெட் 447, ஃப்ரிடெரிசியா 431, ஃபிரமிங்ஹாமும் 431, ஹாட்ஜஸ் 426. பெரிய வித்தியாசம் இல்லை, எதில் போட்டாலும் முடிவு மாறாது.

இப்போது வயலுக்கு மருந்தடிக்க வைத்திருந்ததைக் குடித்துவிட்டு வந்த ஒருவர், அட்ரோபின் ஏற்றித் துடிப்பு 120இல் நிற்கிறது, கியூ.டி எட்டுக் கட்டம், 320. பாஸெட்டில் 453. ஆண் என்றால் நீண்டுவிட்டது. ஃப்ரிடெரிசியாவில் 403, ஃபிரமிங்ஹாமில் 397, இரண்டிலும் ஒரு பிரச்சினையும் இல்லை. ஒரே தாள், ஒரே கியூ.டி, 50 மில்லிசெக்கன் வித்தியாசம். பாஸெட் வேகத் துடிப்பில் எண்ணை ஏற்றிக் காட்டும்.

மெதுவான துடிப்பில் எதிர்ப்பக்கம் பிழைக்கும். துடிப்பு 50, கியூ.டி பன்னிரண்டு கட்டம், 480. பாஸெட் 438 என்று சமாதானம் சொல்லும், ஃப்ரிடெரிசியா 452 காட்டும். மெதுவான துடிப்பில்தான் டோர்சாட் வரச் சாத்தியம் கூட, ஆகவே இந்தப் பக்கப் பிழைதான் எனக்குப் பயம்.

என் பரிந்துரை இதுதான்: துடிப்பு 60க்கும் 90க்கும் இடையில் என்றால் எதையாவது போடுங்கள், அதற்கு வெளியே என்றால் ஃப்ரிடெரிசியா. போனைப் படுக்கையாகத் திருப்பினால் பல கல்குலேட்டர்களில் கனமூலம் வரும். வராவிட்டால் கீழே உள்ள எண்களை ஒரு துண்டில் எழுதி மேசைக் கண்ணாடிக்குக் கீழே வைத்துவிடுங்கள். கியூ.டியை அந்த எண்ணால் வகுத்தால் ஃப்ரிடெரிசியா கியூ.டி.சி.

துடிப்பு 50: 1.063
துடிப்பு 60: 1
துடிப்பு 70: 0.950
துடிப்பு 80: 0.909
துடிப்பு 90: 0.874
துடிப்பு 100: 0.843
துடிப்பு 110: 0.817
துடிப்பு 120: 0.794

கியூ.டி, ஆர்-ஆரின் பாதிக்கும் குறைவு என்றால் பயமில்லை என்று ஒரு குறுக்குவழி சொல்லித் தருவார்கள். ஓ.பி.டியில் நிற்கும்போது கண்ணை ஓட்டிப் பார்க்க அது உதவும், 60இலிருந்து 100 வரை. அதற்குக் கீழே அது நீண்டதைத் தவறவிடும், மேலே வீணாகப் பயப்படுத்தும்.

துடிப்பு ஒழுங்கே இல்லாத ஏட்ரியல் ஃபிப்ரிலேஷனில் ஒரு துடிப்பை வைத்து எதுவும் சொல்ல முடியாது. பத்துத் துடிப்பளவு அளந்து சராசரி எடுங்கள், வந்த எண்ணைத் தோராயம் என்றே எடுத்துக்கொள்ளுங்கள். இதயத்தின் மின்பாதையில் இடது கிளை அடைப்பு இருந்து கியூ.ஆர்.எஸ் அகன்றிருந்தால் கியூ.டி அந்த அகலத்தாலேயே நீண்டுவிடும். கியூ.ஆர்.எஸ் அகலத்தில் 48.5 வீதத்தைக் கியூ.டியிலிருந்து கழித்துவிட்டுப் பிறகு துடிப்புக்குத் திருத்தினால் ஓரளவு சரிவரும். கியூ.டி 460, கியூ.ஆர்.எஸ் 140, துடிப்பு 75 என்றால் கழித்த பிறகு 392, திருத்தினால் 422 அளவு. கழிக்காமல் போட்டிருந்தால் 495ஐத் தாண்டி, இல்லாத வருத்தத்துக்கு அம்புலன்ஸ் ஏ9 வீதியால் ஓடியிருக்கும்.

எண்ணை வைத்து என்ன செய்வது

2009இல் அமெரிக்க இதய அமைப்புகள் சொன்ன எல்லை: ஆண்களுக்கு 450, பெண்களுக்கு 460, அதிலிருந்து மேலே நீண்டது. 500ஐத் தாண்டினால் ஆபத்து வலயம். ஒரு மருந்து தொடங்கிய பிறகு பழைய அளவைவிட 60 கூடியிருந்தால், எண் 500க்குக் கீழே நின்றாலும், அதையும் பாரதூரமாக எடுக்க வேண்டும். அதனால்தான் மருந்து தொடங்குவதற்கு முன் ஒரு ஈ.சி.ஜி எடுங்கள் என்று திரும்பத் திரும்பச் சொல்கிறார்கள். பழைய தாள் இல்லாமல் 455 என்ற எண்ணை மட்டும் வைத்துக்கொண்டு ஒன்றும் சொல்ல முடியாது, அது அந்த ஆளின் பிறவி அளவாகவே இருக்கலாம்.

450க்கும் 500க்கும் இடையில் வந்தால் ஓடத் தேவையில்லை. குளிசைப் பையைக் கொட்டிப் பாருங்கள். மனநல கிளினிக்கில் தருகிற ஹலோபெரிடோல், குளோர்புரோமசின், அமிட்ரிப்டிலின், சிட்டலோப்ராம். இதயத்துக்குத் தருகிற அமியோடரோன், சோட்டலோல். கிருமிக்குத் தருகிற எரித்ரோமைசின், கிளாரித்ரோமைசின், அஸித்ரோமைசின், சிப்ரோஃப்ளொக்ஸசின், பங்கசுக்குத் தருகிற ஃப்ளுகொனசோல். சத்திக்குத் தருகிற டொம்பெரிடோன், ஒன்டன்செட்ரோன். மூட்டு வருத்தக்காரரின் ஹைட்ரொக்ஸிகுளோரோகுயின். குயினைனும் இதே பட்டியல்தான், இலங்கையில் மலேரியா இல்லை என்று 2016இல் உலக சுகாதார அமைப்பு அறிவித்தது, அதனால் வன்னியில் இப்போது அதைத் தேடி எடுக்க வேண்டிய தேவை வெளிநாட்டிலிருந்து காய்ச்சலோடு வந்தவருக்குத்தான்.

ஒரு மருந்து மட்டும் பெரும்பாலும் ஆளைக் கவிழ்ப்பதில்லை. பல சேர்வதால்தான் வினை. கிளினிக்கில் ஹலோபெரிடோல் எடுக்கிற அம்மா ஒருவர், நாலு நாள் வயிற்றோட்டமும் சத்தியும், பொட்டாசியம் இறங்கிவிட்டது, பார்மசியில் டொம்பெரிடோன் வாங்கிப் போட்டிருக்கிறார், சளிக்கு யாரோ எரித்ரோமைசினும் எழுதியிருக்கிறார்கள். எரித்ரோமைசின் தானும் கியூ.டியை நீட்டும், டொம்பெரிடோன் உடம்பில் கழிவதையும் தடுத்து அதன் அளவைக் கூட்டும். இதில் எந்த ஒன்றையும் தனியாகப் பார்த்தால் சாதாரண மருத்துவம். பெண், வயது கூடியவர், மெதுவான துடிப்பு, இதயம் பலவீனம், சிறுநீரகம் பழுது: இவையும் தராசில் ஏறும். ஆனால் ஒன்று, கிளினிக் மருந்தை நோயாளி தானாக நிறுத்தவும் கூடாது, நாம் யோசிக்காமல் நிறுத்தவும் கூடாது. சத்திக் குளிசையையும் கிருமி மருந்தையும் மாற்றுவது சுகம். மனநல மருந்தை எழுதியவரோடு கதைத்துத்தான் மாற்ற வேண்டும்.

வவுனியாப் பக்கத்தில், காரணம் பிடிபடாத நாட்பட்ட சிறுநீரக நோய் உள்ள கிராமங்களிலிருந்து வருகிறவர்களின் தாளை வேறு கண்ணால் பார்க்க வேண்டும். கல்சியம் குறைந்தால் எஸ்.டி பகுதி (கியூ.ஆர்.எஸ்ஸுக்கும் டி அலைக்கும் இடைப்பட்ட கோடு) நேராக நீண்டு, அதன் முடிவில் டி அலை சாதாரண வடிவத்தில் நிற்கும், அதோடு பொட்டாசியம் கூடியிருந்தால் அந்த டி கூராக எழும்பும். நீளம் எந்தப் பகுதியில் இருக்கிறது என்று பாருங்கள், எண் மட்டும் அதைச் சொல்லாது. டயலிசிஸ் முடிந்த கையோடு எடுத்த தாளும் தொடங்குவதற்கு முன் எடுத்த தாளும் ஒன்றாக இருக்காது, எப்போது எடுத்தது என்று நேரம் எழுதுங்கள்.

நஞ்சு குடித்தவர்களைப் பற்றி மேலே கொஞ்சம் சொன்னேன். ஓர்கனோபொஸ்பேட் பூச்சிமருந்து கியூ.டியை உண்மையிலேயே நீட்டக் கூடியது, ஆகவே பாஸெட் ஏற்றிக் காட்டும் என்பதற்காக எல்லாவற்றையும் தட்டிவிட வேண்டாம், ஃப்ரிடெரிசியாவில் போட்டும் நீண்டிருந்தால் நம்புங்கள். மருந்து அளவுக்கு மிஞ்சி எடுத்தவர்களுக்கு, துடிப்பையும் கியூ.டியையும் ஒரு வரைபடத்தில் குறித்து, கோட்டுக்கு மேலா கீழா என்று பார்க்கிற முறை ஒன்றை அவுஸ்திரேலியாவின் நச்சியல் வைத்தியர்கள் 2007இல் சோதித்து வெளியிட்டார்கள். அதை அச்சடித்துச் சுவரில் ஒட்டி வைக்கலாம், அதில் சூத்திரமே தேவையில்லை.

அலரி விதை அப்படியல்ல. மஞ்சள் அலரி விதையில் இருப்பது டிஜொக்சின் மாதிரியான நஞ்சு, அது கியூ.டியைச் சுருக்கும். துடிப்பு இறங்கும், எஸ்.டி தொய்ந்து கிடக்கும், மேலறைக்கும் கீழறைக்கும் இடையில் அடைப்பு வரும், பொட்டாசியம் ஏறும். கியூ.டி.சி 380 என்று பார்த்துவிட்டு 'நல்லது' என்று சொல்கிற ஒருவர் இந்த நோயாளியிடம் பார்க்க வேண்டியதைப் பார்க்கவில்லை. இங்கே கியூ.டி.சியை மறந்துவிட்டு பீ அலைக்கும் கியூ.ஆர்.எஸ்ஸுக்கும் உள்ள உறவைப் பாருங்கள்.

தலையில் இரத்தக் கசிவு, தைரொயிட் குறைவு, உடம்பு குளிர்ந்து போதல் ஆகியவையும் நீட்டும். அவை தாமாகவே தெரிந்துவிடும்.

பிள்ளை மயங்கி விழுந்தால்

பிறவியில் வருகிற நீண்ட கியூ.டியை இங்கே வலிப்பு என்று வருடக்கணக்கில் வைத்தியம் செய்துவிடுகிற ஆபத்து உண்டு. குளத்தில் நீந்தும்போதோ பள்ளிக்கூட விளையாட்டுப் போட்டியில் ஓடும்போதோ மயங்கினால் ஒரு வகை. விடியற்காலையில் அலாரம் அடித்த சத்தத்தில், வெடிச் சத்தத்தில் விழுந்தால் இன்னொரு வகை. நித்திரையில் வருவது மூன்றாவது. பிறவியிலேயே காது கேளாத பிள்ளை மயங்கினாலும் யோசிக்க வேண்டும், 1957இல் ஜெர்வெல்லும் லாங்கே-நீல்சனும் விவரித்தது அதைத்தான். முதல் தடவை வலிப்பு என்று வருகிற ஒவ்வொரு பிள்ளைக்கும் ஒரு ஈ.சி.ஜி எடுத்துக் கையால் அளப்பது அதிக வேலை இல்லை. ஓய்வில் எடுத்த ஒரு தாளில் சாதாரண எண் வந்தாலும் நோய் இல்லை என்று முடிவு கட்ட முடியாது, மரபணுக் குறை உள்ளவர்களில் ஒரு பகுதியினருக்குச் சாதாரண அளவே வரும். கதை பொருந்தினால் திரும்ப எடுங்கள், தாய் தகப்பன் சகோதரங்களுக்கும் எடுங்கள்.

குடும்பத்தில் இளவயதில் திடீரென்று யாராவது இறந்தார்களா என்று கேட்க வேண்டும் என்று புத்தகம் சொல்லும். வன்னியில் அந்தக் கேள்வியை அப்படியே கேட்டால் கதை 2009க்குப் போய்விடும், பிறகு அவர்களும் அழுவார்கள், உங்களுக்கு வேண்டிய பதிலும் வராது. 'சண்டையில் போனவர்களை விடுங்கோ அம்மா. நித்திரையில, குளிக்கேக்க, ஓடேக்க, பிள்ளை பெத்த கையோட, காரணம் தெரியாமல் ஆராவது போனவையா?' என்று பிரித்துக் கேளுங்கள். தண்ணீரில் போனவர்களைத் தனியாகவும் கேளுங்கள், நீச்சல் தெரிந்தவரா தெரியாதவரா என்பதோடு சேர்த்து.

500ஐத் தாண்டினால்

முதலில் திரும்ப அளங்கள், இன்னொருவரையும் அளக்கச் சொல்லுங்கள், உங்கள் எண்ணை அவருக்குச் சொல்லாமல். உண்மை என்றால் மொனிட்டரில் போடுங்கள், நீட்டுகிற மருந்தை நிறுத்துவது பற்றி உடனே பொது வைத்திய நிபுணரோடு கதையுங்கள், பொட்டாசியம், கல்சியம், முடிந்தால் மக்னீசியம் அனுப்புங்கள். பொட்டாசியத்தை 4.5க்கும் 5க்கும் இடையில் வைத்திருப்பது நோக்கம். தாளில் சில அறிகுறிகள் கடிகாரம் ஓடுகிறது என்று சொல்லும்: டி அலை ஒன்று மேலும் ஒன்று கீழுமாக மாறி மாறி வருவது, முந்திய துடிப்பு ஒன்று, அதன் பின் ஓர் இடைவெளி, அந்த இடைவெளிக்கு அடுத்த துடிப்பில் டி அலை விகாரமாக வீங்கி நீள்வது.

டோர்சாட் வந்துவிட்டால், கியூ.ஆர்.எஸ் முனைகள் அடிக்கோட்டைச் சுற்றி முறுக்கிக்கொண்டு மேலும் கீழுமாகப் போகும், நாடி இல்லை என்றால் ஷொக், நாடி இருந்தால் மக்னீசியம் சல்பேட் 2 கிராம் பத்துப் பதினைந்து நிமிடத்தில் நாளத்துக்குள். இரத்தத்தில் மக்னீசியம் சாதாரணமாக இருந்தாலும் கொடுக்க வேண்டும், பரிசோதனை முடிவுக்குக் காத்திருக்க வேண்டாம். அமியோடரோன் கொடுக்காதீர்கள். கீழறை வேகத் துடிப்பு என்றதும் கை அதற்குத்தான் போகும், அது கியூ.டியை இன்னும் நீட்டும்.

போனில் கிளிநொச்சிக்கோ வவுனியாவுக்கோ கதைக்கும்போது 'கியூ.டி.சி 510' என்று மட்டும் சொல்லாதீர்கள். துடிப்பு, கியூ.டி, எந்த லீட், எந்தச் சூத்திரம், கியூ.ஆர்.எஸ் அகலம், பழைய தாளில் எவ்வளவு, என்ன மருந்துகள், பொட்டாசியம் எவ்வளவு. படம் அனுப்பினால் தாளை மேசையில் தட்டையாக விரித்து நேர் மேலிருந்து எடுங்கள். சரித்து எடுத்தால் ஒரு பக்கக் கட்டம் சிறிதாகி, அந்தப் பக்கம் அளக்கிறவருக்குக் கணக்குப் பிழைக்கும்.

கொப்பியிலும் இதே மாதிரித்தான்: 'லீட் இரண்டு, தொடுகோடு, துடிப்பு 78, கியூ.டி 400, ஃப்ரிடெரிசியா 437, மருந்துக்கு முன்.' இந்த ஒரு வரியைக் கையால் எழுதி வையுங்கள். ஈ.சி.ஜி தாள் வெப்பத்தில் அச்சாவது, வெயிலும் பிளாஸ்டிக் உறையும் பட்டால் மங்கிப் போகும், ஒரு வருடம் கழித்து அடுத்தவர் விரித்துப் பார்க்கும்போது அலை இருக்காது. போட்டோ பிரதி எடுத்து ஒட்டினால் இன்னும் நல்லது.